இரணைதீவை யாரும் தரவில்லை

அன்பு மகள்,

பள்ளிக்கூடமும் ஆஸ்பத்திரியும் இல்லாத தீவை ஏன் இன்னும் விடாமல் பிடித்துக்கொண்டு நிற்கிறீர்கள் என்று கேட்டிருந்தாய். கனடாவில் பிறந்த பிள்ளை, கேட்கத்தான் வேண்டும்.

1992இல் சண்டை எங்களைத் தீவிலிருந்து எழுப்பியது. முழங்காவிலுக்குப் பக்கத்தில் இரணைமாதாநகரில் வந்து குடியிருந்தோம். அங்கேயும் நிலைக்க விடவில்லை. 2008இல் மறுபடி இடம்பெயர்ந்து, வன்னியெல்லாம் அலைந்து, செட்டிகுளம் முகாமில் கம்பிவேலிக்குள் கிடந்துதான் திரும்பினோம். போர் முடிந்தும் தீவில் கடற்படை இருந்தது. எங்களைக் குடியிருக்க விடவில்லை.

உன் அம்மம்மா காலத்துப் பெண்கள் இடுப்பளவு தண்ணீரில் நடந்தே போய்க் கடலட்டையும் நண்டும் பிடித்தவர்கள். வள்ளம் வேண்டாம், மண்ணெண்ணெய் வேண்டாம், ஒரு ஆம்பிளையின் கையைப் பார்த்து நிற்கவும் வேண்டாம். அட்டையை அவித்து, காயவைத்து, விற்ற காசு அவரவர் முந்தானை முடிச்சிலேயே இருக்கும். போரில் புருஷனைப் பறிகொடுத்தவளுக்கு அந்தக் கடல்தான் சோறு. தையல் மெஷினும் கோழிக்குஞ்சும் தந்து, வாழ்வாதாரம் கொடுத்தாயிற்று என்று எழுதிக்கொண்டு போனவர்களுக்கு இது விளங்கவேயில்லை.

2017 மே மாதம் தீவுக்குத் திரும்ப விடச் சொல்லிக் கொட்டகை போட்டு உட்கார்ந்தோம். முன்னுக்கு நின்றது பெண்கள்தான். ஒரு வருடம் ஆகப்போகிற நேரத்திலும் ஒருவரும் பதில் சொல்லவில்லை. 2018 ஏப்ரல் 23ஆம் திகதி வள்ளங்களில் வெள்ளைக்கொடி கட்டி, சுவாமிமாரையும் கூட்டிக்கொண்டு நாங்களே போய் இறங்கினோம். வீடுகளுக்குக் கூரை இல்லை. எங்கள் குசினி இருந்த இடத்தில் மரம் நின்றது. கோவிலில் செபம் சொல்லிவிட்டு அங்கேயே தங்கினோம். அடுத்த மாதம்தான் அரசாங்கம் அங்கே குடியிருக்கலாம் என்றது. நாங்கள் போனபடியால்தான் அதுவும் சொன்னது.

2021இல் கொரோனாவில் இறந்த முஸ்லிம்களை எங்கள் தீவில் அடக்கம் செய்யப்போவதாக அரசாங்கம் அறிவித்தபோதும் எழும்பினோம். அந்தச் சனத்தின் மேல் எங்களுக்குக் கோபம் எதுவும் இல்லை. தங்கள் ஊர் மண்ணில் அடக்கம் செய்ய வழியில்லாமல் அவர்கள் பட்ட துயரம், ஊரை இழந்த எங்களுக்குத் தெரியாதா? இரண்டு சனத்தையும் கேட்காமல் முடிவெடுத்ததுதான் அநியாயம்.

இப்போது தொழிலுக்குத் தீவு, பிள்ளைகளின் படிப்புக்கு இந்தக் கரை என்று இரண்டு அடுப்பு எரிகிறது. செலவுதான். ஆனாலும் விடமாட்டோம்.

உன் அம்மாவிடம் அம்மப்பாவின் காணி உறுதி இருக்கிறது. அதைப் படமெடுத்து இந்தக் கிழமைக்குள் எனக்கு அனுப்பிவிடு.

சின்னம்மா