நாள் தெரியாத திதி

தாய்லாந்தின் காஞ்சனபுரி ரயில் நிலையத்துக்கு எதிரே போர்க்கல்லறைத் தோட்டம் இருக்கிறது. புல்வெளியில் வரிசை பிசகாத ஏறத்தாழ 7,000 கல்லறைகள். பெரும்பாலான பலகைகளில் பெயர், படைப்பிரிவு, இறந்த தேதி. பெரும்பாலோர் பிரிட்டன், ஆஸ்திரேலியா, ஹாலந்து படைவீரர்கள். அவர்களோடு அதே ரயில் பாதை வேலையில் மாண்ட தமிழ்த் தொழிலாளர் ஒருவர் பெயரும் அங்கே இல்லை.

பர்மா போர்முனைக்குக் கடல்வழியாகச் சரக்கு அனுப்புவது ஆபத்தானதால், ஜப்பானிய ராணுவம் 1942-43இல் சயாமிலிருந்து (தாய்லாந்து) பர்மாவுக்கு 415 கி.மீ. ரயில் பாதை போட்டது. போர்க்கைதிகள் சுமார் 60,000 பேரும், அவர்களைவிடப் பல மடங்கு ஆசியத் தொழிலாளரும் அதில் உழைத்தார்கள். கைதிகளில் 12,000 பேருக்கு மேல் இறந்தனர். தொழிலாளரில் 90,000 பேர் இறந்திருக்கலாம் என்பது ஒரு மதிப்பீடு. மலாயாவின் ரப்பர் தோட்டத் தமிழர் அவர்களில் கணிசமானோர். போரில் ரப்பர் ஏற்றுமதி நின்று பிழைப்புப் போனதால் சிலர் கூலிக்கு நம்பிப் போனார்கள். பிறகு ஜப்பானியர் ஆள்பிடித்து லாரியில் ஏற்றினார்கள். 1943இல் காலரா பரவியபோது இவர்களின் முகாம்கள் பலவற்றில் பார்க்க மருத்துவர்கூடக் கிடையாது.

இன்றும் காஞ்சனபுரி நிலையத்தை விட்ட ரயில் அந்தப் பாதையின் குவாய் ஆற்றுப் பாலத்தில் ஊர்கிறது. வளைந்த இரும்புச் சட்டங்கள் போர்க்காலத்தவை. நடுவிலுள்ள இரண்டு கோணச் சட்டங்கள் குண்டுவீச்சுக்குப் பின் மாற்றியவை. தாம் கிராசே என்ற இடத்தில் பாறையை ஒட்டிய மரப்பாலத்தின் மேல் பெட்டிகள் முனகியபடி நகர்கின்றன.

மலேசியத் தமிழ்க் குடும்பங்களில் இந்தப் பாதைக்குப் பெயர் ‘சயாம் மரண ரயில்’. போனவரைப் பற்றிச் சாவுச் செய்தியும் வரவில்லை, உடலும் வரவில்லை. தாலியைக் கழற்றுவதா, காத்திருப்பதா என்ற கேள்விக்கு தோட்டத்து லயத்து வீடுகளில் யாரிடமும் பதில் இருந்திருக்காது. கருமாதிக்கு நாள் வேண்டும். திதிக்கும் நாள் வேண்டும். இறந்த நாள் தெரியாதவருக்குத் தமிழர் வழக்கம் காட்டும் வழி மகாளய அமாவாசை. அன்று இடும் எள்ளும் தண்ணீரும், வாழையிலையில் வைக்கும் படையலும் முகம் பார்க்காத பேரன் கைக்கும் வந்து சேர்கின்றன. ஏன் இந்த நாள் என்று கேட்கும் குழந்தைக்குத்தான் வீட்டார் சயாம் கதையைச் சொல்ல வேண்டியிருக்கிறது.

இன்றைய ரயில் நாம் தொக் நிலையம் வரையே ஓடுகிறது. அதற்கு மேல் பர்மா வரை போன தண்டவாளத்தைப் போருக்குப் பின் பெயர்த்துவிட்டார்கள்.