வீட்டுக்கு இரண்டு விலை

கடல் கடந்த மடல் – ரொறொன்ரோவிலிருந்து

இணுவில் உறவுகளுக்கு,

கனடாவில் ஒருவர் வீடு வாங்கினால் ஊருக்கு இரண்டு செய்திகள்தான் வந்து சேரும். வீடு எவ்வளவு, மாதம் எவ்வளவு கட்டுகிறார்கள். கடன் முடிகிற நாளில் மொத்தமாக எவ்வளவு கையை விட்டுப் போயிருக்கும் என்ற மூன்றாவது செய்தி வருவதில்லை. பல வேளை அது வாங்கியவருக்கே தெரியாது. விற்பனை முகவரும் வங்கியில் இருப்பவரும் மாதக் கணக்கிலேயே கதைப்பார்கள். வாங்குபவரும் சம்பளத்தை மாதக் கணக்கில் எண்ணிப் பழகியவர். ஆகவே பேச்சு அந்த அளவில் முடிந்துவிடும். இந்த மடல் அந்த மூன்றாவது கணக்கைப் பற்றியது. அது கனடாக்காரரின் கவலை, எங்களுக்கு என்ன என்று கேட்க வேண்டாம். முற்பணத்துக்காக ஊர்க் காணியை விற்கலாமா என்ற கதை குடும்பத்துக்குள் எழும்பினால், உறுதியில் கையெழுத்து வைக்கப் போகிறவர்களில் நீங்களும் இருப்பீர்கள்.

கடனின் விலையைக் கண்ணால் பார்த்து அறிவது எங்கள் மண்ணுக்குப் புதிதல்ல. 1707இல் ஒல்லாந்தர் எழுத்தில் பதிந்த தேசவழமையில் ஒற்றிக்குத் தனி இடம் உண்டு. நாலு பரப்புச் செம்மண் தோட்டத்தை ஒற்றி வைத்தவர் வட்டி என்று ஒரு சதமும் கட்டுவதில்லை. காசு கொடுத்தவர் காணிக்குள் இறங்குவார், அந்தக் கிணற்றிலேயே இறைப்பார், புகையிலை நடுவார். வெட்டி, உணர்த்தி, விற்ற காசு அவருக்கு. முதல் குறையாமல் அப்படியே நிற்கும். மீட்கிற காலம்கூடப் பயிரின் காலத்தை ஒட்டியே வகுக்கப்பட்டது. காணிக்காரர் வேலியோரம் நின்று பார்த்தாலே போதும், இந்தப் போகம் தன் கடனுக்கு என்ன விலை கொடுத்தோம் என்பது விளங்கிவிடும். கடுமையான ஏற்பாடுதான், ஆனால் அதில் ஒளிவு கிடையாது. வங்கி தரும் வீட்டுக்கடனில் நிலைமை தலைகீழ். வீடும் அனுபவிப்பும் கடனாளியிடமே இருக்கின்றன. அது பெரிய நன்மை. அந்த நன்மைதான் கடனின் விலையையும் மறைத்து வைக்கிறது. விளைச்சலை யாரும் வெட்டிக்கொண்டு போவது தெரியாது. மாதம் ஒருமுறை கணக்கிலிருந்து சத்தமில்லாமல் காசு கழியும்.

ஒரு கணக்கைப் போட்டுப் பார்ப்போம். ரொறொன்ரோப் பெரும்பாகத்தில் 750,000 டொலர் வீடு. இன்றைய சந்தையில் அது ஆடம்பரமல்ல. ஐந்தில் ஒரு பங்கு, 150,000, முற்பணம். மீதி 600,000 டொலர் கடன். வட்டி 5 வீதம். காலம் 25 ஆண்டு. கனடாவில் நிலையான வட்டிக்கு எடுக்கும் வீட்டுக்கடனில் வட்டியை அரையாண்டுக்கு ஒருமுறைதான் முதலோடு கூட்டுவார்கள். அந்த முறைப்படி மாதத் தவணை ஏறக்குறைய 3,490 டொலர். முதலாவது தவணையைப் பிரித்தால் 2,474 டொலர் வட்டிக்குப் போகிறது. கடனைக் குறைக்க மிஞ்சுவது ஆயிரத்துச் சொச்சம். ஐந்து ஆண்டு ஒரு மாதமும் பிந்தாமல் கட்டியவர் 209,000 டொலர் கொடுத்திருப்பார்; கடனோ 531,000க்குத்தான் இறங்கியிருக்கும். கொடுத்த மூன்று டொலரில் இரண்டு வட்டி. இதில் வங்கி கள்ளக்கணக்கு எதுவும் எழுதவில்லை. முதல் பெரிதாக நிற்கும் ஆண்டுகளில் வட்டியும் பெரிதாக இருக்கும், அவ்வளவுதான். 25 ஆண்டு முடிவில் வங்கிக்குப் போன தொகை 1,047,000. அதில் வட்டி மட்டும் 447,000. முற்பணத்தையும் சேர்த்தால் அந்த வீடு ஏறக்குறைய 1,197,000 டொலர். பலகையில் எழுதியிருந்தது முதல் விலை. இது இரண்டாவது விலை.

இன்னும் சில செலவுகள் இந்தக் கணக்குக்கு வெளியே நிற்கின்றன. 750,000 டொலர் வீட்டுக்கு ஒன்ராறியோ மாகாணக் காணி மாற்று வரி 11,475 டொலர். வீடு ரொறொன்ரோ நகர எல்லைக்குள் இருந்தால் நகரசபைக்கும் அதே அளவு. முதல் வீடு வாங்குபவருக்கு ஒரு பகுதி கழிவு உண்டு. மற்றவர்களுக்கு அதுவும் இல்லை. முற்பணம் ஐந்தில் ஒரு பங்குக்குக் குறைந்தால் கடன் காப்புறுதி கட்டாயம். இதே வீட்டை ஆகக் குறைந்த முற்பணமான 50,000 டொலரோடு வாங்குகிறவருக்குக் கடன் 700,000. அதற்குக் காப்புறுதிக் கட்டணம் 4 வீதம், 28,000 டொலர். அதைக் கையிலிருந்து கொடுக்கத் தேவையில்லை, கடனோடு சேர்த்துவிடலாம் என்று சொல்வார்கள். சேர்த்தால் 25 ஆண்டில் அது 48,000 டொலரைத் தாண்டிவிடும். இவ்வளவும் கொடுத்து வாங்கும் காப்புறுதி காப்பது கடனாளியை அல்ல, கடன் கொடுத்தவரை. கடனாளியால் கட்ட முடியாமல் போனால் நட்டம் வங்கிக்கு வராது.

மேலே போட்ட கணக்கில் ஒரு கற்பனையும் இருக்கிறது. 5 வீத வட்டி 25 ஆண்டும் நிற்கும் என்று வைத்துக்கொண்டோம். கனடாவில் அப்படி நிற்காது. கடன் 25 ஆண்டுக்கு இருந்தாலும் வட்டி ஒப்பந்தம் பெரும்பாலும் 5 ஆண்டுக்கு. பிறகு அன்றைய வட்டிக்குப் புதுப்பிக்க வேண்டும். 2020 மார்ச்சிலிருந்து இரண்டு ஆண்டு கனடா மத்திய வங்கியின் வட்டி 0.25 வீதத்தில் கிடந்தது. 2023 ஜூலையில் அது 5 வீதம். 2021இல் 2 வீதத்துக்கு 600,000 டொலர் எடுத்தவரின் தவணை 2,541 டொலர். ஐந்து ஆண்டு கழித்து மீதி 502,600 டொலரை 4.5 வீதத்துக்குப் புதுப்பித்தால் தவணை 3,169 ஆகும். கடன் குறைந்திருக்க, தவணை மாதம் 628 டொலர் கூடுகிறது. மாறும் வட்டிக்கு எடுத்து, தவணையை மட்டும் மாறாமல் வைத்திருந்தவர்களில் சிலருக்கு 2022க்குப் பிறகு நடந்தது இதிலும் மோசம்: கட்டிய காசு வட்டிக்கே போதாமல், மாதாமாதம் கட்டியும் கடன் வளர்ந்தது. ஒப்பந்தக் காலத்துக்குள் வீட்டை விற்று வெளியேறலாம் என்றால் அதற்கும் தண்டம் உண்டு. நிலையான வட்டிக் கடனில் மூன்று மாத வட்டி அல்லது ஒப்பந்த வட்டிக்கும் அன்றைய வட்டிக்கும் உள்ள வித்தியாசத்தால் வங்கி இழக்கும் தொகை, இரண்டில் எது பெரிதோ அதைக் கேட்பார்கள்.

தவணை பாரமாகும்போது வரும் ஆறுதல், காலத்தை நீட்டுங்கள் என்பது. 2024 டிசம்பர் 15இலிருந்து, காப்புறுதிக் கடனிலும் முதல் வீடு வாங்குபவர்கள் 30 ஆண்டு எடுக்கலாம் என்று கனடா அரசு விதியை மாற்றியது. எங்கள் 600,000 டொலர்க் கடனை 30 ஆண்டாக்கினால் தவணை 3,202க்கு இறங்கும். மாதம் 288 டொலர் இலகு. மொத்த வட்டியில் 106,000 டொலர் கூடுதல். மாதக் கணக்கில் பார்ப்பவருக்கு இது சலுகை. மொத்தக் கணக்கில் பார்ப்பவருக்கு இது ஒரு புதிய செலவு.

இதற்குச் சொல்லப்படும் மறுப்புகள் வலுவானவை. தட்டிக் கழிக்கக் கூடாதவை. முதலாவது: வாடகை கொடுப்பது மட்டும் வீண்காசு இல்லையா? சரியாகக் கேட்டால், வாடகையை மொத்தத் தவணையோடு ஒப்பிடக் கூடாது. வீட்டுக்காரருக்குத் திரும்பி வராத காசோடு ஒப்பிட வேண்டும். எங்கள் வீட்டில் முதல் ஆண்டு வட்டி 29,400 டொலர். வீட்டு வரி, காப்புறுதி, கூரை, வெப்பமூட்டி, திருத்தவேலை எல்லாவற்றுக்கும் ஆண்டுக்கு 12,000 என்று அடக்கமாகவே வைப்போம். மாதம் 3,450 டொலர் திரும்பி வராமல் போகிறது. முற்பணம் வேறெங்கும் இருந்தால் தந்திருக்கக்கூடிய வருமானம் இதில் சேரவில்லை. அதே வீட்டை 3,000 டொலருக்கு வாடகைக்கு எடுக்க முடிந்தால், அந்த ஆண்டில் வீண்காசு குறைவாகக் கொடுப்பவர் வாடகைக்காரர்தான். ஆனால் ஆண்டுகள் போகப் போக வட்டிப் பங்கு குறையும், வாடகை கூடும். ஆகவே நீண்டகாலம் ஒரே வீட்டில் இருப்பவருக்கு வாங்குவது பலன் தரலாம்; நாலைந்து ஆண்டில் மாறக்கூடியவருக்குப் பெரும்பாலும் தராது.

இரண்டாவது மறுப்பு, வீட்டு விலை ஏறுகிறதே என்பது. மேலே சொன்ன 1,197,000 டொலரோடு 25 ஆண்டு பராமரிப்பையும் வரியையும் கூட்டினால் ஏறக்குறைய 15 இலட்சம் டொலர். போட்ட காசு மட்டும் திரும்பி வரவே வீட்டு விலை ஆண்டுக்கு 2.8 வீதம் விடாமல் ஏற வேண்டும். கடந்த கால் நூற்றாண்டில் ரொறொன்ரோவில் அதைவிட வேகமாகத்தான் ஏறியது, 2022 பெப்ரவரியில் சராசரி விலை 13 இலட்சத்தைத் தாண்டியது, பிறகு இறங்கியது. அதற்கு முந்திய வரலாற்றையும் பார்க்க வேண்டும். 1989இல் இங்கே சராசரி விலை ஏறக்குறைய 273,000 டொலர், 1996இல் 198,000. 1989இன் விலையை மறுபடி தொட 2002 வரை காத்திருக்க வேண்டியிருந்தது. எங்களவர் அலை அலையாக வந்து இறங்கிய காலம் அது. உச்சத்தில் வாங்கியவர் பதின்மூன்று ஆண்டு வட்டி கட்டிய பிறகுதான் வாங்கிய விலையைக் கண்டார். அதோடு, ஏறிய விலை கைக்கு வர வீட்டை விற்க வேண்டும். விற்றவருக்குக் குடியிருக்க இன்னொரு வீடு வேண்டும். அதன் விலையும் ஏறித்தான் இருக்கும்.

மூன்றாவது மறுப்புத்தான் ஆகக் கூர்மையானது. இருபது ஆண்டு கழித்துக் கொடுக்கும் டொலரும் இன்றைய டொலரும் ஒன்றல்ல; பணவீக்கம் கடனைத் தின்னும்; ஆகவே 447,000 என்று கூட்டிக் காட்டுவது பயமுறுத்தல் என்று சொல்லலாம். கொள்கையளவில் இது சரி. அமெரிக்காவில் முழுமையாகவே சரி, ஏனென்றால் அங்கே 30 ஆண்டுக்கும் ஒரே வட்டியில் கடன் எடுப்பது வழமை. விலைவாசி எகிறினாலும் தவணை அசையாது. கனடாவில் பணவீக்கம் 2022 ஜூனில் 8.1 வீதம் வரை போனது. அதை அடக்கத்தான் மத்திய வங்கி வட்டியை ஏற்றியது. அந்த வட்டி புதுப்பிக்கும் நாளில் கடனாளியின் வாசலுக்கு வந்தது. ஐந்து ஆண்டுக்கு ஒருமுறை வட்டி மாறும் நாட்டில், பணவீக்கம் தரும் இலாபத்தை வட்டி பறித்துக்கொள்ளக் கூடும். சம்பளமும் விலைவாசியோடு ஏறினால்தான் கடன் இலகுவாகும். அதற்கு யாரும் உத்தரவாதம் தருவதில்லை.

ஊரில் வங்கிக் கடன் எடுத்து வீடு கட்டுபவர்களுக்கு இந்தக் கணக்கு இன்னும் கடுமையானது. ஒரு கோடி ரூபாய், 12 வீதம், 20 ஆண்டு என்று வைத்துக்கொள்வோம். தவணை 110,100 ரூபாய். முதல் மாதம் அதில் ஒரு இலட்சம் வட்டி, பத்தாயிரம்தான் முதலுக்கு. முடிவில் கட்டியிருப்பது இரண்டு கோடி 64 இலட்சம். உரோமன் டச்சுச் சட்ட மரபில் நிலுவை வட்டி முதலை மிஞ்சக் கூடாது என்றொரு பழைய விதி உண்டு. ஒழுங்காகக் கட்டி வருபவருக்கு அது துணைக்கு வராது. அவர் முதலை மிஞ்சிய வட்டியைக் காலம் தவறாமல் கட்டித் தீர்ப்பார். வட்டி மாறக்கூடிய கடன் என்றால் 2022 ஏப்ரல் 8ஐ நினைத்துப் பாருங்கள். இலங்கை மத்திய வங்கி அன்று ஒரே நாளில் கொள்கை வட்டியை 7 வீதப் புள்ளி உயர்த்தியது. அதே ஒரு கோடிக்கு வட்டி 24 வீதமானால், மாதம் இரண்டு இலட்சம் கட்டினாலும் கடன் ஒரு ரூபாயும் குறையாது.

இவ்வளவும் சொல்வது வீடு வாங்க வேண்டாம் என்பதற்கல்ல. வேரறுந்து வந்தவர்களுக்குச் சொந்தக் கூரை தரும் நிம்மதிக்கு விலை உண்டு. அதைக் கொடுக்க விரும்புவதில் தவறில்லை. எவ்வளவு கொடுக்கிறோம் என்று தெரிந்து கொடுக்க வேண்டும் என்பதே என் வாதம். தெரிந்தவருக்கு வழியும் உண்டு. எங்கள் 600,000 டொலர்க் கடனில் தொடக்கத்திலிருந்தே மாதம் 200 டொலர் கூட்டிக் கட்டினால், கடன் இரண்டரை ஆண்டு முந்தித் தீரும். வட்டியில் 51,000 டொலர் மிச்சம். கூட்டிக் கட்ட எவ்வளவு அனுமதி என்பது ஒப்பந்தத்திலேயே இருக்கும். கையெழுத்துக்கு முன் அதை வாசிப்பவர்கள் குறைவு.

ஊர்க் காணி விற்ற காசு வட்டியில்லாக் காசு என்ற நினைப்பும் சரியல்ல. காங்கேசன்துறை வீதியை ஒட்டிய வளவாக இருந்தாலும் உள்ளே உள்ள தோட்டமாக இருந்தாலும், விற்ற நாளிலிருந்து அதன் விளைச்சலும் விலையேற்றமும் இன்னொருவருக்கு. அதுவும் கனடா வீட்டின் இரண்டாவது விலையில் சேர வேண்டிய தொகை. ஆகவே இங்கிருந்து தொலைபேசியில் காணி விற்பனைப் பேச்சு வந்தால், பிள்ளையோ மருமகனோ நாலு விடைகளை எழுத்தில் அனுப்பட்டும்: கடன் முடியும்போது மொத்தம் எவ்வளவு கட்டியிருப்பீர்கள், புதுப்பிக்கும் நாளில் வட்டி இரண்டு வீதம் கூடினால் தவணை என்னவாகும், அதைக் கட்டச் சம்பளம் போதுமா, ஐந்து ஆண்டில் விற்க நேர்ந்தால் கையில் என்ன மிஞ்சும். கடன் தரும் வங்கியிடம் கேட்டால் தவணை அட்டவணை ஒரே நாளில் கிடைக்கும். இது அவமதிப்பான கேள்வியும் அல்ல. விடை வந்து, அது உங்களுக்கும் சரியாகப் பட்டால் கையெழுத்து வையுங்கள். வராவிட்டால் காணி இருக்கட்டும்.