முத்துப்பேட்டையில் ஒரு வாத்தியார்



இன்று ஜூலை 9, இயக்குநர் கே. பாலசந்தர் பிறந்தநாள். 1930-இல் நன்னிலம் பக்கம் நல்லமாங்குடியில் பிறந்தவர். அப்போது அது நம் தஞ்சாவூர் ஜில்லா. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்துவிட்டு அவர் முதலில் பார்த்த வேலை என்ன தெரியுமா? முத்துப்பேட்டையில் பள்ளிக்கூட வாத்தியார்!

பிறகு சென்னையில் ஏஜி ஆபீஸ் உத்தியோகம். ஆபீஸ் முடிந்தால் நாடகம். எழுதினார், நடித்தார், இயக்கினார். 1964-இல் வந்த 'சர்வர் சுந்தரம்' அவர் எழுதியது. அடுத்த வருஷம் 'நீர்க்குமிழி', அவர் இயக்கிய முதல் படம். கடைசியாக 'உத்தம வில்லன்' படத்தில் கமலுக்கு குருவாகவே நடித்தார். அது 2015-இல் வெளிவந்தபோது அவர் இல்லை. 2014 டிசம்பரிலேயே போய்விட்டார்.

சினிமாவுக்குப் போன பிறகும் அவர் பார்த்தது வாத்தியார் வேலைதான் என்று எனக்குத் தோன்றும். பெங்களூரில் கண்டக்டராக இருந்த பையனைத் தமிழ் கற்கச் சொல்லி, 1975-இல் 'அபூர்வ ராகங்கள்' படத்தில் கேட்டைத் திறந்துகொண்டு வரவைத்தார். அந்தப் பையன்தான் ரஜினிகாந்த். கடைசி பெஞ்சில் இருப்பவனிடம் என்ன இருக்கிறது என்று பார்க்கிற கண் அவருக்கு இருந்தது.

எனக்கு இல்லை. அதைச் சொல்லத்தான் இந்தப் பதிவு.

1986. ஒன்பதாம் வகுப்பு. நான் உள்ளே நுழையும்போது ஒரு பையன் குடையைக் கக்கத்தில் இடுக்கி, என்னைப் போலவே செருமிக்கொண்டு நடந்து காட்டிக்கொண்டிருந்தான். வகுப்பே சிரித்தது. வெயிலில் முட்டிபோட வைத்தேன். ஆண்டுவிழா நாடகத்திலிருந்தும் பெயரை அடித்தேன். அதன்பின் அவன் மேடை ஏறவே இல்லை.

போன தை மாதம் எங்கள் வயலுக்கு அறுப்பு மெஷின் ஓட்டிக்கொண்டு வந்தவன் அவன்தான். சாப்பாட்டு நேரத்தில் வரப்பில் ஆட்களுக்கு யாரையோ நடித்துக் காட்டிக்கொண்டிருந்தான். அத்தனை பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள். கிட்டே போனேன். அது நான்தான்! என்னைப் பார்த்ததும் சட்டென்று நிறுத்தி, துண்டை இடுப்பில் கட்டிக்கொண்டு, "வாங்க சார்" என்றான். நிறுத்தாதே என்று சொல்ல வாய் வரவில்லை.

தம்பி, இதைப் படித்தால் ஒருநாள் வீட்டுக்கு வா. அந்த நடையை என் எதிரிலேயே நடித்துக் காட்டு. இந்தத் தடவை நான் கைதட்டுகிறேன்.