பொத்தான் கைப்பேசி

கிழக்குத் தொடர்ச்சி மலையின் ஒரு பகுதியான பச்சைமலை, துறையூரை அடுத்து எழுந்து திருச்சிராப்பள்ளி, பெரம்பலூர், சேலம் ஆகிய மாவட்டங்களில் பரவிக் கிடக்கிறது. மலையாளி என்னும் பழங்குடியினர் இங்கு மரவள்ளியும் பலாவும் முந்திரியும் விளைவித்து வாழ்கின்றனர். இப்பெயர் மலைவாழ் மக்கள் என்ற பொருளில் வழங்குவது, கேரளத்தாரைக் குறிப்பதன்று. மலைப்பாதையின் ஒரு வளைவில் கைப்பேசிக்கு அலை எட்டும். அடுத்த வளைவில் அற்றுப்போகும். அலை நலிந்த இடத்தில் கைப்பேசி தன் ஆற்றலைக் கூட்டிக் கோபுரத்தைத் தேடுவதால் மின்கலம் விரைவில் தீர்கிறது. பெரிய திரையும் ஓயாது இயங்கும் செயலிகளும் கொண்ட திறன்பேசிக்கு இஃது இரட்டைச் சுமை. மக்கள் ‘பட்டன் போன்’ என்றழைக்கும் எளிய கைப்பேசியோ ஒருமுறை மின்னேற்றினால் நாள்கணக்கில் உழைக்கும்.

அவ்வகைக் கைப்பேசிகளுள் புகழ்பெற்றது 2003ஆம் ஆண்டு வெளிவந்த நோக்கியா 1100. உலகெங்கும் 25 கோடிக்கும் மேல் விற்ற கருவி அது. அதில் ஒளிப்படக்கருவி இல்லை, வண்ணத்திரை இல்லை, இணையமும் இல்லை. ஆனால், தூசி புகாத ஒரே உறையாக அமைந்த பொத்தான்களும், வியர்த்த கையிலிருந்து நழுவாத சொரசொரப்பான பக்கங்களும், உச்சியில் ஒரு சிறு கைவிளக்கும் இருந்தன. மின்வெட்டும் மண்சாலையும் பழகிய மக்களை மனத்திற்கொண்டு வடிவமைத்தவர்களின் கூர்மை அந்த விளக்கில் தெரிகிறது. இருட்டில் தொழுவத்திற்குச் செல்பவருக்கு ஆயிரம் செயலிகளைவிட அஃது உதவியது.

அதே 2003ஆம் ஆண்டில்தான், வரும் அழைப்புக்குக் கட்டணம் இல்லை என்னும் முறை நம் நாட்டில் நடைமுறைக்கு வந்தது. அழைப்பவர் மட்டுமே செலுத்தினால் போதும் என்றானதும், செலுத்தாமலே பேசும் வழியை மக்கள் கண்டுபிடித்தனர். அதுவே ‘மிஸ்டு கால்’. ஒருமுறை மணியடித்து நின்றால் ‘பேருந்து ஏறிவிட்டேன்’. இருமுறை அடித்தால் ‘திரும்ப அழை’. வீட்டுக்கு வீடு வேறுபட்ட இந்தக் குறிமொழிக்கு இலக்கணம் எழுதியவர் எவருமிலர்.

குறுஞ்செய்தியின் கதை சற்று வேறு. ஆங்கில எழுத்தில் ஒரு குறுஞ்செய்திக்கு 160 குறிகள் இடம்பெறும். தமிழில் எழுதினால் 70 மட்டுமே. அதிலும் ‘தமிழ்’ என்னும் மூன்றெழுத்துச் சொல், உயிர்க்குறியும் புள்ளியும் தனித்தனியே எண்ணப்படுவதால் ஐந்து இடங்களை அடைத்துக்கொள்கிறது. நம் மக்கள் தாய்மொழியை ஆங்கில எழுத்தில் தட்டச்சிடப் பழகியதற்குச் சோம்பலையே காரணமாகச் சொல்வது நியாயமன்று. இக்கணக்கும் ஒரு காரணம்.

இன்று செல்வம் மிக்க நாடுகளில் சிலர் திறன்பேசியைத் துறந்து எளிய கைப்பேசிக்குத் திரும்புகின்றனர். நியூயார்க்கில் ஜோ ஹாலியர், கைவெய் டாங் என்னும் இருவர் உருவாக்கிய ‘லைட் போன்’ 2017இல் வெளிவந்தது. அழைக்கலாம், அழைப்பை ஏற்கலாம், அவ்வளவே. அதன் அடுத்த வடிவத்தில் குறுஞ்செய்தி உண்டு. சமூக ஊடகமும் இணைய உலாவியும் வேண்டுமென்றே விலக்கப்பட்டன. நோக்கியா 1100ஐவிட இது விலையுயர்ந்தது என்பது வியப்புக்குரியது. விரலால் தள்ளத் தள்ள முடிவின்றி நீளும் திரை கவனத்தைத் தின்கிறது என்று உணர்ந்தவர்கள், தின்னாத கருவிக்காகக் கூடுதலாகச் செலுத்துகின்றனர். அவர்களின் அச்சம் பொய்யன்று. தேர்வுக்கு முந்தைய இரவில் ‘ஐந்து நிமிடம்’ என்று எடுத்த திறன்பேசி எத்தனை மணிக்குக் கீழே வைக்கப்பட்டது என்பதைப் பதினோராம் வகுப்பு மாணவருக்கு யாரும் சொல்லித்தர வேண்டியதில்லை.

ஆயினும், வேண்டாம் என்று விடுவது வேறு. கிடைக்காமல் நிற்பது வேறு. 2020 மார்ச்சில் பள்ளிகள் மூடப்பட்டபோது பாடங்கள் திறன்பேசி வழியே வரத் தொடங்கின. வீட்டில் பொத்தான் கைப்பேசி மட்டுமே இருந்த மாணவர்க்கு அப்பாடங்கள் எட்டவில்லை. கல்வித் தொலைக்காட்சி ஓரளவு கைகொடுத்தது. ஆனால், தொலைக்காட்சியிடம் ஐயம் கேட்க இயலாது. நியூயார்க்கில் நோன்பாகக் கருதப்பட்ட கருவி, மலையூரில் பட்டினியாக மாறியது. 2022 மார்ச்சில் ரிசர்வ் வங்கி, இணையமில்லாக் கைப்பேசியிலும் பணம் அனுப்பும் ‘யுபிஐ 123பே’ வசதியைத் தொடங்கிவைத்தது. எளிய கருவியை விட்டுவிடாமல் அதற்கேற்பச் சேவையை வளைக்கலாம் என்பதற்கு இது சான்று. கல்வியில் அத்தகைய முயற்சி போதிய அளவில் நிகழவில்லை.

கருவி நல்ல நிலையில் இருந்தாலும் அலைவரிசை நிலைப்பதில்லை. சிங்கப்பூரில் 2017ஆம் ஆண்டிலேயே இரண்டாம் தலைமுறை அலைவரிசை நிறுத்தப்பட்டது. அங்கு நோக்கியா 1100 வெறும் கைவிளக்கு. இங்கோ அவ்வகைக் கைப்பேசிக்கு இன்னும் வேலை இருக்கிறது. கல்வி உதவித்தொகைக்கு விண்ணப்பிக்க மகள் மலையிறங்கித் துறையூர் இ-சேவை மையத்தில் அமர்ந்திருக்கிறாள். ஒருமுறைக் கடவுச்சொல் வருவதோ மலைமேல் இருக்கும் தாயின் பொத்தான் கைப்பேசிக்கு. தாய் வீட்டை விட்டு அலை எட்டும் மேட்டுக்கு ஏறி, மகளை அழைத்து, ஆறு இலக்கங்களையும் ஒவ்வொன்றாக உரக்கச் சொல்கிறார். நான்காம் இலக்கத்தில் அழைப்பு அறுந்தால், கடவுச்சொல்லின் காலம் முடிவதற்குள் மீண்டும் அழைத்தாக வேண்டும்.