விடுதலைக்குப் பின் ஓராண்டு

பொய்க் கேஸ் போட்டவர்மீது நஷ்டஈடு கேட்டுப் போடும் வழக்கை 'பழிதீர்க்கிற வழக்கு' என்று எங்கள் சங்க அறையில் ஓர் இளம் வழக்கறிஞர் சொன்னார். பக்கத்தில் இருந்தவர்களும் தலையாட்டினார்கள். தொழிலை முடித்துக்கொண்டு கேஸ் கட்டுகளைப் பிரித்துக் கொடுக்கும் நேரத்தில் அந்தப் பேச்சு எனக்குச் சுருக்கென்று தைத்தது. சிவில் பக்கத்தில் இதைவிடக் கஷ்டமான வேலை கிடையாது. செய்து பார்க்காதவர்கள்தான் இப்படிப் பேச முடியும்.

விடுதலைத் தீர்ப்பு கையில் இருந்தால் ஜெயித்த மாதிரிதான் என்று கட்சிக்காரர் நினைக்கலாம். வக்கீல் நினைக்கலாமா? கிரிமினல் கோர்ட் தீர்ப்பு, விடுதலை ஆனது என்பதற்கு மட்டுமே சான்று. கேஸ் பொய்யா என்பதை சிவில் கோர்ட் முதலிலிருந்து தானே விசாரிக்கும். தீர்ப்பில் 'சந்தேகத்தின் பலன்' என்று ஒரு வார்த்தை இருந்துவிட்டால் எதிர்த்தரப்பு அந்தப் பத்தியைத்தான் முதலில் படித்துக் காட்டும்.

இந்த வழக்கில் புகார்தாரரின் வன்மத்தை நிரூபிப்பது பெரிய காரியமில்லை. வரப்புத் தகராறு, பாகப்பிரிவினை, சீட்டுப் பணம் என்று ஏதாவது ஒரு பழைய பகை ரெக்கார்டிலேயே இருக்கும். கஷ்டமெல்லாம் 'தகுந்த, நியாயமான காரணம் இல்லை' என்பதில்தான். இல்லை என்பதை நிரூபிக்கிற பாரம் வாதியின் தலையில். எவ்வளவு பகை இருந்தாலும், குற்றம் நடந்ததாகப் புகார்தாரர் மனதார நம்பியிருந்து, நம்புவதற்கு இடமும் இருந்துவிட்டால் வழக்கு அங்கேயே விழும்.

என் சீனியர் இதற்கு ஒரு முறை வைத்திருந்தார். எஃப்.ஐ.ஆரை எடுத்து, புகார்தாரர் 'பார்த்தேன்' என்று சொன்ன வரிகளையும், 'கேள்விப்பட்டேன், சந்தேகப்படுகிறேன்' என்று சொன்ன வரிகளையும் தனித்தனியாக எழுதச் சொல்வார். கேள்விப்பட்டதில் தப்பிக்க வழியுண்டு. கண்ணால் பார்த்ததாகச் சொன்ன சம்பவம் நடக்கவேயில்லை என்று ஆகிவிட்டால், நம்பித்தான் புகார் கொடுத்தேன் என்று அந்த மனிதர் எந்த வாயால் சொல்வார்? அதனால் மாஜிஸ்திரேட் கோர்ட்டில் அந்தப் புகார்தாரர் பி.டபிள்யூ.1-ஆக, அதாவது அரசுத் தரப்பின் முதல் சாட்சியாக ஏறும்போது, குறுக்கு விசாரணையிலேயே சீனியர் வேலையை ஆரம்பித்துவிடுவார். எங்கே நின்றீர்கள், எவ்வளவு தூரம், என்ன வெளிச்சம், அதற்கு முன் எங்கே இருந்தீர்கள் என்று ஒவ்வொன்றாகப் பதிய வைப்பார். விடுதலைக்கு அவ்வளவு தேவையே இருக்காது. நான் கேட்டால், "இது சப் கோர்ட்டுக்குப்பா" என்பார். பிற்பாடு அதே மனிதர் பிரதிவாதியாகக் கூண்டில் ஏறும்போது, அந்தச் சாட்சியத்தின் சான்றிட்ட நகல் அவர் முன்னால் நீட்டப்படும்.

நஷ்டஈட்டு வழக்கின் பிராதில் ஒரு பத்தியை மட்டும் திரும்பத் திரும்ப எழுத வைப்பார். கேஸை நடத்தியது போலீஸ்தானே என்று பிரதிவாதி நழுவுவாரே, அதற்கான பத்தி. கயா பிரசாத் வழக்கில் 1908-லேயே பிரிவி கவுன்சில் இதற்கு வழி காட்டியிருக்கிறது: புகாருக்கு முன்னும் பின்னும் புகார்தாரர் நடந்துகொண்டதைப் பார்க்க வேண்டும், தெரிந்தே பொய் சொல்லிப் போலீஸைத் திசைதிருப்பியவரே கேஸ் நடத்தியவர். சாட்சிகளை ஸ்டேஷனுக்குக் கூட்டிவந்தது யார் என்பதுவரை அந்தப் பத்தியில் இருந்தாக வேண்டும். இல்லையென்றால் முழுப் பிராதையும் கிழித்துப் போடுவார்.

இந்த வழக்கைப் போட லிமிடேஷன் சட்டம் 74-வது ஆர்டிகிள் விடுதலையிலிருந்து ஓராண்டுதான் தருகிறது. அப்பீலுக்கு நகல் வாங்கிய நாட்களைக் கழிக்கலாம், வழக்குக்குக் கழிக்க முடியாது. நகலுக்காகக் காத்திருந்து வழக்கையே தொலைத்தவர்கள் இருக்கிறார்கள்.

பொய்க் கேஸில் சிக்கிய, நாகர்கோவிலில் பிறந்த விஞ்ஞானி நம்பி நாராயணனுக்கு 2018-ல் உச்ச நீதிமன்றம் 50 லட்சம் கொடுக்கச் சொன்னது எல்லோருக்கும் தெரியும். திருவனந்தபுரம் சப் கோர்ட்டில் அவர் போட்டிருந்த நஷ்டஈட்டு வழக்கை முடித்துக்கொள்ள கேரள அரசு 2020-ல் 1.30 கோடி கொடுத்ததை யார் பேசுகிறார்கள்? 1994-ல் கைதானவர் அத்தனை வருஷம் விடாமல் நின்றதற்குக் கிடைத்தது அது. பழிதீர்ப்பதாம்!

சட்டமும் ஒத்தாசை செய்யவில்லை. தவறாக வழக்கு தொடரப்பட்டவர்களுக்கு அரசே இழப்பீடு தரத் தனிச் சட்ட ஏற்பாடு வேண்டும் என்று 2018-ல் சட்ட ஆணையம் 277-வது அறிக்கையில் சொன்னது. 2023-ல் மூன்று கிரிமினல் சட்டங்களையும் மாற்றி எழுதினார்கள், அதைச் சேர்க்கவில்லை. காரணமே இல்லாமல் ஒருவரைக் கைது செய்யவைத்தால் மாஜிஸ்திரேட் கொடுக்கச் சொல்லக்கூடிய தொகை இன்றும் அதிகபட்சம் ஆயிரம் ரூபாய். ஆக, பாதிக்கப்பட்டவருக்குப் பெரும்பாலும் மிஞ்சுவது இந்த சிவில் வழக்குதான். அதையும் இப்போது கம்ப்யூட்டரில் இருக்கிற பழைய பிராதில் பெயரை மாற்றித் தயாரிக்கிறார்கள். மன உளைச்சல் மூன்று பக்கம், காரணமின்மை ஒரே வரி. கேட்கிற கோடிக்கு மூன்று சதவீதம் கோர்ட் ஃபீஸைக் கட்டுவது கட்சிக்காரர்தானே!

போன மாதம் ஒரு ஜூனியர் அப்படி ஒரு பிராதைக் கொண்டுவந்தார். பி.டபிள்யூ.1 சாட்சியத்தின் நகல் எங்கே என்று கேட்டேன். "எதுக்கு சார், அதான் ஜட்ஜ்மென்ட் இருக்கே" என்றார். லிமிடேஷனுக்கு இன்னும் நாலு மாதம் இருக்கிறது, நாளைக்கே நகல் மனு போடுங்கள், அதைப் படித்த பிறகு எழுதலாம் என்று கட்டைத் திருப்பிக் கொடுத்துவிட்டேன்.