தலைக்குள்ள எட்டுக்கால் பூச்சியா?

எங்கள் தெருவில் யார் ஸ்கேன் எடுத்தாலும் அந்தப் பெரிய உறை ஒருமுறை என் வீட்டுத் திண்ணைக்கு வந்துவிட்டுத்தான் போகும். பள்ளியில் விலங்கியல் சொல்லிக்கொடுத்தவனுக்கு மருத்துவமும் தெரிந்திருக்கும் என்று ஊருக்கு ஒரு நம்பிக்கை. தவளையை அறுத்துக் காட்டியவனிடம் மனுஷத் தலையைப் பற்றிக் கேட்கலாமா என்று எனக்கே சந்தேகம் உண்டு. ஆனாலும் வந்தவர்களைத் திருப்பி அனுப்ப மனம் வராது. அப்படித்தான் எதிர்வீட்டு அம்மா ஒரு மாலை மகனின் தலை ஸ்கேனோடு வந்தார். பைக்கிலிருந்து விழுந்த பையன். அடி பெரிதாக ஒன்றுமில்லை. ஆனால் ரிப்போர்ட்டின் கடைசி வரியில் ‘அரக்னாய்டு சிஸ்ட்’ என்று இருந்தது. அவன் அதைச் செல்பேசியில் தேடியிருக்கிறான்.

“சார், தலைக்குள்ள எட்டுக்கால் பூச்சி முட்டை வச்சிருக்குன்னு சொல்றான் சார்” என்றார் அந்த அம்மா. பையன் பின்னால் நின்று சிரித்துக்கொண்டிருந்தான். அவருக்குக் கண் கலங்கியிருந்தது.

பூச்சியும் இல்லை, முட்டையும் இல்லை. அது பெரும்பாலும் பிறவியிலேயே உண்டாகிவிடும் ஒரு நீர்க்கட்டி. வேறு எதற்கோ ஸ்கேன் எடுக்கும்போது தற்செயலாகக் கண்ணில் படும்; பலரை ஆயுள் முழுக்க ஒன்றும் செய்யாது. எதற்கும் எழுதிக்கொடுத்த டாக்டரிடமே காட்டிவிடுங்கள் என்று சொல்லி அனுப்பினேன். பையன் சொன்னதிலும் கொஞ்சம் நியாயம் இருக்கிறது என்பதை மட்டும் அந்த அம்மாவிடம் சொல்லவில்லை. அந்தச் சொல்லுக்குள் சிலந்தி இருக்கத்தான் செய்கிறது.

லிடியா நாட்டு நெசவுக்காரி அரக்னேயின் கதையை ரோமானியக் கவிஞர் ஓவிட் சொல்லியிருக்கிறார். நெசவில் தேவி அதீனாவுக்கே சவால் விட்டவள். நெய்த துணியில் குற்றம் காண முடியாமல் கோபப்பட்ட தேவி, கடைசியில் அவளைச் சிலந்தியாக்கிவிட்டாள். கிரேக்க மொழியில் அரக்னே என்றால் சிலந்தி. அது கட்டிய வலைக்கும் அதே பெயர்தான். விலங்கியலில் சிலந்தி, தேள், உண்ணி எல்லாவற்றையும் ஒரே வகுப்பில் சேர்த்து அரக்னிடா என்கிறோம். அங்கே பூச்சிதான் கணக்கு. (சிலந்தியைப் பூச்சி என்று எழுதினால் என் மாணவர்களுக்கு ஒரு மார்க் குறைப்பேன், பூச்சிக்கு ஆறு கால்தான். திண்ணைப் பேச்சுக்கு அந்தச் சட்டம் கிடையாது.) ‘அரக்னாய்டு’ என்று வந்துவிட்டால் கணக்கு மாறிவிடுகிறது. பூச்சி போய்விடும், வலை மட்டும் மிஞ்சும்.

இந்தச் சொல் முதலில் குடியிருந்தது மூளையில் அல்ல, கண்ணில். கி.மு. 300 வாக்கில் அலெக்சாந்திரியாவில் மனித உடல்களை அறுத்துப் படித்த ஹெரோஃபிலஸ், கண்ணுக்குள் இருந்த மெல்லிய சவ்வு ஒன்றுக்கு இந்தப் பெயரைக் கொடுத்தார் என்று ரோமானிய மருத்துவ எழுத்தாளர் செல்சஸ் குறித்துவைத்திருக்கிறார். விழித்திரை என்று நாம் சொல்வது அதைத்தான். பிற்காலத்தில் கண்ணுக்கு மீன்வலையை நினைவூட்டும் ‘ரெட்டினா’ என்ற பெயர் நிலைத்துவிட்டது. சிலந்தி இடம் பெயர்ந்து மண்டைக்குள் போய்விட்டது.

மண்டையோட்டுக்கு அடியில் மூளையைச் சுற்றி மூன்று உறைகள் உண்டு. வெளியே தடித்தது டியூரா மேட்டர், மூளையோடு ஒட்டிக்கிடக்கும் மெல்லியது பியா மேட்டர், இரண்டுக்கும் நடுவில் அரக்னாய்டு மேட்டர். ‘மேட்டர்’ என்றால் லத்தீனில் தாய். அரபு மருத்துவ நூல்கள் இந்த உறைகளை மூளையின் தாய் என்றன; 12ஆம் நூற்றாண்டில் அவற்றை லத்தீனுக்குக் கொண்டுபோனவர்கள் அப்படியே மாற்றிக்கொண்டார்கள். கண்டிப்பான தாய், கனிவான தாய், நடுவில் சிலந்தித் தாய்.

நடுவில் இருப்பவள்தான் வேலைக்காரி. அவளுக்கும் கீழே இருக்கும் பியா மேட்டருக்கும் இடையில் ஓர் இடைவெளி இருக்கிறது. அதில் மேலும் கீழுமாக இழைகள் ஓடுகின்றன. இந்த இழைகளைப் பார்த்துத்தான் வலை என்று பெயர் வைத்தார்கள். அந்த இடைவெளியில் நிறமற்ற தெளிந்த நீர் ஓடுகிறது, மூளை தண்டுவடத் திரவம். பெரியவர் ஒருவரிடம் ஒரு நேரத்தில் இருப்பது சுமார் 150 மில்லிலிட்டர். உடம்பு ஒரு நாளில் சுரப்பதோ அரை லிட்டருக்குப் பக்கம். அதாவது காலையில் இருந்த நீர் இரவில் இல்லை. நாளுக்கு மூன்று தடவையாவது முழுக்க மாறிவிடுகிறது. பழைய நீர் வடிந்து ரத்தத்தில் சேர்வதற்கான வழிகளில் முக்கியமானது அரக்னாய்டிலிருந்தே முளைத்திருக்கும் சின்னச் சின்ன முண்டுகள். 1705இல் அவற்றை விவரித்தவர் இத்தாலியரான பக்கியோனி.

இந்த நீர் எதற்கு? கிணற்றில் குடம் தண்ணீருக்குள் இருக்கிற வரைக்கும் கனம் தெரியாது. மட்டத்துக்கு மேலே வந்ததும்தான் கயிறு கையை அறுக்கும். மூளையும் அப்படித்தான். சுமார் 1,400 கிராம் எடை, இந்த நீரில் மிதக்கும்போது ஐம்பது கிராம்போலத்தான் அழுத்துகிறது. இல்லையென்றால் தன் கனத்திலேயே அடிப்பக்கம் நசுங்கிப்போகும்.

நீர் குறைந்தால் என்ன ஆகும் என்பதைத் தன் தலையை வைத்தே கண்டுபிடித்தவர் ஆகஸ்ட் பியர். ஜெர்மனியின் கீல் நகரத்து அறுவை மருத்துவர். முதுகெலும்புகளுக்கு நடுவே ஊசி குத்தி இந்த நீரை எடுக்கும் முறையை 1891இல் ஹைன்ரிக் குவிங்கே காட்டியிருந்தார். எடுக்க முடியுமென்றால் உள்ளே மருந்தும் செலுத்தலாமே என்று பியருக்குத் தோன்றியது. 1898இல் நோயாளிகளிடம் செய்து பார்த்தார்; பிறகு தனக்கே குத்தச் சொல்லித் தன் உதவியாளர் ஹில்டெப்ரான்ட் முன் உட்கார்ந்தார். மருந்துக் குழல் ஊசியோடு பொருந்தவில்லை. திரவம் வழிந்து ஓடியதுதான் மிச்சம். உடனே ஹில்டெப்ரான்ட் தன் முதுகைக் காட்டினார். மருந்து ஏறியதும் பியர் அவர் காலைக் கிள்ளினார், சுருட்டால் சுட்டார், முழங்காலுக்குக் கீழே சுத்தியலால் தட்டினார். வலியே இல்லை. இருவரும் குதூகலமாக ஒயின் குடித்துச் சுருட்டுப் பிடித்துப் பிரிந்தார்கள். அடுத்த நாள் முதல் பியருக்குக் கடுமையான தலைவலி. எழுந்து உட்கார்ந்தால் வலிக்கும், படுத்தால் நின்றுவிடும், ஒன்பது நாள். குடத்துக்குத் தண்ணீர் போதவில்லை. உதவியாளருக்குக் காலில் தட்டிய இடமெல்லாம் வீக்கம் என்பதையும் சேர்த்துச் சொல்ல வேண்டும். விஞ்ஞானத்தில் உதவியாளர் பாடு எப்போதும் அதுதான்.

நம் ஊரில் சிசேரியன் ஆன எந்தப் பெண்ணைக் கேட்டாலும் “முதுகுல ஊசி போட்டாங்க” என்பாள். அந்த ஊசி போய்ச் சேரும் இடம் இந்தச் சிலந்தி வலைக்கு அடியில் இருக்கும் நீர்தான். பெரியவர்களுக்குத் தண்டுவடம் இடுப்பின் முதல் அல்லது இரண்டாவது எலும்போடு முடிந்துவிடுகிறது. ஊசி அதற்குக் கீழேதான் இறங்குகிறது. அங்கே தண்டுவடம் கிடையாது, நீரில் தொங்கும் நரம்பு இழைகள்தான். ஊசி வழியே தெளிந்த நீர் சொட்டினால் சரியான இடம் என்று மயக்க மருத்துவருக்குத் தெரியும். “அந்த ஊசி போட்டதிலேர்ந்துதான் எனக்கு இடுப்பு வலி” என்று பத்து வருடம் கழித்தும் சொல்கிறவர்களை நான் நிறையப் பார்த்திருக்கிறேன். குத்திய இடத்தில் சில நாள் வலி இருப்பது உண்மை. நாள்பட்ட இடுப்பு வலிக்கும் ஊசிக்கும் தொடர்பு இருப்பதாக ஆய்வுகள் காட்டவில்லை. பிள்ளையைச் சுமந்த உடம்பு, குனிந்து பால் கொடுத்த முதுகு, தூக்கமில்லாத இரவுகள் என்று வேறு எத்தனையோ காரணம் இருக்க, வீட்டில் எல்லோரும் ஊசியைச் சொல்லிவிட்டுப் போவது வசதியாக இருக்கிறது. ஊசியைக் குற்றம் சொன்னால் யாரும் பாத்திரம் தேய்க்க வரவேண்டியதில்லை அல்லவா?

இந்தச் சொல் மண்டையை விட்டு வெளியே போன கதைகளும் உண்டு. ஆல்ப்ஸ் மலைப் பாறைகளில் ரோஜாப்பூ வடிவத்தில் இலை விரித்து வளரும் ஒரு சிறு செடி, செம்பர்விவம் அரக்னாய்டியம். இலை நுனிக்கு நுனி வெள்ளை இழை ஓடி மொத்தச் செடியும் ஒட்டடை படிந்ததுபோல் இருக்கும். ஒட்டடைபோல நுண்ணிய முடி பின்னிக்கிடக்கும் தண்டையும் இலையையும் தாவரவியலார் இந்தச் சொல்லால் குறிப்பார்கள். வேதியியலில் போரான் ஹைட்ரைடுகளின் வடிவங்களில் ஒன்றுக்கு அரக்னோ என்று பெயர்; மூடிய கூண்டு, திறந்த கூடு, அதையும்விடத் திறந்த வலை என்று ஒரு வரிசை. சிலந்திக் கால்போல நீண்டு மெலிந்த விரல்களுக்கு அரக்னோடாக்டிலி என்று பெயர். மார்ஃபான் நோய் இருப்பவர்களிடம் அதைக் காணலாம். வலையை விட்டுப் பூச்சியின் காலைப் பிடித்த சொல் அது ஒன்றுதான் என்று நினைக்கிறேன். நிலக்கடலையின் அறிவியல் பெயரான அராக்கிஸ் ஹைப்போஜியாவை இந்தக் கூட்டத்தில் சேர்த்துவிடாதீர்கள். ஒலி மயக்குகிறது. அது ஒரு பயறு வகைக்குக் கிரேக்கர்கள் வைத்த பெயரிலிருந்து வந்தது. சிலந்திக்கும் கடலைக்கும் உறவு கிடையாது.

எல்லாவற்றிலும் தொலைவுக்குப் போனது வெள்ளிக் கிரகத்துக்கு. அங்கே மேகம் எப்போதும் மூடியே இருப்பதால் சாதாரணக் கேமராவுக்குத் தரை தெரியாது. 1983இல் சோவியத்தின் வெனேரா 15, 16 விண்கலங்கள் ரேடார் கொண்டு பார்த்தபோது வட்டத்துக்குள் வட்டமாகப் பள்ளங்களும், நடுவிலிருந்து நாலாபுறமும் ஓடும் விரிசல்களும் தெரிந்தன. அவற்றுக்கு அரக்னாய்டுகள் என்றே பெயரிட்டார்கள். ஒவ்வொன்றும் சுமார் 50 கிலோமீட்டர் முதல் 230 கிலோமீட்டர் வரை அகலம். நடுத்தர அளவில் ஒன்றை எடுத்துவந்து விரித்தால் சென்னையிலிருந்து புதுச்சேரி வரை மூடிவிடும். அடியிலிருந்து எழும் பாறைக்குழம்பு மேல்தரையைத் தூக்கிப் பிளந்திருக்கலாம் என்று கருதுகிறார்கள். 460 டிகிரி வெப்பத்தில் எந்தச் சிலந்தியும் அங்கே போய் நூல் விட்டிருக்க முடியாது.

தமிழிலும் மருத்துவத்துக்குள் சிலந்தி புகுந்திருக்கிறது, ஆனால் வேறு வாசல் வழியாக. நமக்கு அதன் வலையைவிட அதன் நஞ்சுதான் பெரிதாகப் பட்டிருக்கிறது. கட்டிக்கும் புண்ணுக்கும் சிலந்தி என்றே பெயர். குளத்து நீரைக் குடித்தவர்களின் காலில் கொப்புளம் கட்டி, அதிலிருந்து முழ நீளப் புழு வெளியே வரும் நோயை நரம்புச்சிலந்தி என்றார்கள். வந்த புழுவை ஒரு குச்சியில் நாளுக்குக் கொஞ்சமாகச் சுற்றி இழுப்பார்கள், அறுந்தால் ஆபத்து. இந்தியாவில் கடைசி நோயாளி 1996இல். 2000இல் உலக சுகாதார நிறுவனம் நாட்டுக்குச் சான்று கொடுத்தது. இன்றைய பிள்ளைகளுக்கு அந்தப் பெயரே தெரியாது. தெரியாமல் போன சொற்களில் நான் வருந்தாத சொல் அது.

வலையைப் போற்றியவர்கள் நம்மிடம் இல்லாமலும் இல்லை. திருவானைக்காவில் லிங்கத்தின்மேல் சருகு விழாதிருக்கச் சிலந்தி தன் நூலால் பந்தல் கட்டியது. யானை அதை அழுக்கு என்று நினைத்துத் துதிக்கையால் அழித்தது. அந்தச் சிலந்திதான் கோச்செங்கட் சோழனாகப் பிறந்தது என்று பெரியபுராணம் சொல்கிறது; யானை ஏற முடியாத மாடக்கோயில்களைக் கட்டியவன் அவன்தான் என்பது மரபு. தலைக்குமேல் வலை ஒரு காப்பு என்று கண்டவர்கள் நம்மிடமும் இருந்திருக்கிறார்கள். ஆனால் தினசரி வாழ்க்கையில் நாம் எல்லோரும் யானைக் கட்சிதான். பொங்கல் வந்தால் ஒட்டடைக் கம்பைத் தேடுகிறோம்.

நான் எதிர்வீட்டு அம்மாவிடம் சொல்லாமல் விட்டது இன்னொன்றும் உண்டு. இந்த வலைக்கு அடியில் இருக்கும் நீரில்தான் மூளைக்குப் போகும் பெரிய ரத்தக்குழாய்கள் ஓடுகின்றன. அவை கிளை பிரியும் இடத்தில் சிலருக்குச் சுவர் மெலிந்து புடைத்துக்கொள்ளும். அது வெடித்தால் தெளிந்த நீரில் ரத்தம் பரவும். அடிபடாமல் அங்கே ரத்தம் கசிபவர்களில் சுமார் 85 சதவீதம் பேருக்குக் காரணம் இந்தப் புடைப்புதான். புகையிலையும் ரத்த அழுத்தமும் அதற்கு எண்ணெய் ஊற்றுகின்றன. நடிகை எமிலியா கிளார்க்குக்கு 2011இல், 24 வயதில், உடற்பயிற்சிக் கூடத்தில் இது நடந்தது. 2019இல் அவரே எழுதினார். 1937இல் அறுவை மருத்துவர் வால்டர் டான்டி மண்டையைத் திறந்து ஒரு சின்ன வெள்ளிக் கிளிப்பால் புடைப்பின் கழுத்தை இறுக்கி மூடினார். இன்று தொடை வழியாகக் குழாய் விட்டு, பிளாட்டினக் கம்பிச் சுருளால் உள்ளிருந்தே அடைத்துவிடுகிறார்கள். வைத்தியம் இருக்கிறது. ஆனால் ஒருமுறை கசிந்தது மறுபடி கசியும் அபாயம் முதல் 24 மணி நேரத்தில்தான் மிக அதிகம். அந்த நேரத்தைத்தான் நம் வீடுகளில் தைலம் தேய்த்து, “பித்தமா இருக்கும், சுக்குக் காப்பி குடிச்சிட்டுப் படு” என்று தொலைத்துவிடுகிறோம்.

எல்லாத் தலைவலிக்கும் பயப்படச் சொல்லவில்லை. கண்ணிமைக்கும் நேரத்தில் உச்சத்துக்குப் போன வலி, வாழ்நாளில் இப்படி ஒன்று வந்ததில்லை என்று நோயாளியே சொல்லும் வலி, கூடவே வாந்தி, கழுத்து விறைப்பு அல்லது மயக்கம் என்று இருந்தால் காத்திருக்காதீர்கள். 108ஐக் கூப்பிடுங்கள். வலி எத்தனை மணிக்கு ஆரம்பித்தது என்பதைக் குறித்துக்கொண்டு போய் டாக்டரிடம் முதலில் அதைச் சொல்லுங்கள். ஆறு மணி நேரத்துக்குள் எடுத்த சி.டி. ஸ்கேன் அந்த ரத்தத்தைத் தவறவிடுவது மிக அரிது.