வெட்கம் இடம் மாறிய ஒரு படம்

போதைக்கு அடிமையானோரைப் பற்றிய விவரணப்படங்களுக்கு ஒரு வாய்பாடு உண்டு. நோயுற்றவர் கமெராவின் முன் அமர்ந்து அழுவார், பார்ப்போர் இரங்குவர், அந்த இரக்கத்தோடு, நாம் அவ்வாறில்லை என்ற நிம்மதியும் சேர்ந்துகொள்ளும். இத்தகைய படங்களில் எனக்கு விருப்பமில்லை. ஆகவே, அமெரிக்கப் புகைப்படக் கலைஞரான நன் கோல்டினைப் பற்றி லோரா பொய்ற்றஸ் நெறிப்படுத்தி, 2022இல் வெனிஸ் திரைப்பட விழாவில் தங்கச் சிங்க விருது பெற்ற 'ஓல் த பியூட்டி அன்ட் த பிளட்ஷெட்' என்ற படத்தையும் தயக்கத்துடனேயே பார்க்கத் தொடங்கினேன்.

2014இல் சத்திரசிகிச்சை ஒன்றையொட்டிக் கோல்டினுக்கு ஒக்சிகொன்ரின் என்னும் வலிநிவாரணி கொடுக்கப்பட்டது. நாளொன்றுக்கு 3 மாத்திரைகள் என்பது மருத்துவர் விதித்த அளவு. அது 18 வரை சென்றது. ஒருமுறை சாவின் விளிம்பைத் தொட்டு மீண்டார். 1980களில் ஹெரோயினுக்கு ஆட்பட்டுச் சிகிச்சை பெற்றதையும் அவர் ஒளிக்கவில்லை. இவற்றையெல்லாம் கூறும் அவருடைய குரலில் அழுகை இல்லை. காதலனின் அடியால் வீங்கிய தம் முகத்தை 1984இலேயே படமெடுத்து உலகுக்குக் காட்டியவரல்லவா!

மறைத்தலின் விலையை அவர் சிறுவயதிலேயே கண்டவர். 1965இல் தமக்கை 18 வயதில் தற்கொலை செய்துகொண்டபோது, அதனை விபத்தென்று சொல்லிவிடவே தாய் விரும்பினார். இவ்விடத்தில் என் மாமா ஒருவர் நினைவுக்கு வந்தார். குடியே அவரைக் கொன்றது. எங்கள் வீட்டிலோ இன்றுவரை அது 'ஈரல் வருத்தம்'தான்.

கோல்டின் தம் நோயைச் சொன்னதோடு நிற்காமல், அதனால் செல்வம் சேர்த்தவர்களின் பெயரையும் சொன்னார். 1996 முதல் அம்மருந்தை விற்ற பேர்டியூ பார்மா சாக்ளர் குடும்பத்தினருடையதாக இருந்தது. மருந்தின் அடிமைப்படுத்தும் இயல்பு குறித்துத் தவறான தகவல் பரப்பியதாக அதனோடு தொடர்புடைய நிறுவனம் 2007இல் நீதிமன்றத்தில் குற்றத்தை ஒப்புக்கொண்டது. ஆயினும் அக்குடும்பத்தின் பெயர் பெரும் நூதனசாலைகளின் சுவர்களில் தொடர்ந்து ஒளிர்ந்தது. 2018 மார்ச்சில் நியூயோர்க் மெற்றோபொலிற்றன் நூதனசாலையில், எகிப்தியக் கோயிலின் முன்னுள்ள தடாகத்தில் மாத்திரைக் குப்பிகளை எறிந்து, கோல்டினும் தோழர்களும் பிணங்களைப் போலத் தரையிற் கிடந்தனர். 2019இல் லூவரும் 2021இல் மெற்றோபொலிற்றனும் அப்பெயரை அகற்றின.

எனினும் எனக்கொரு குறை உண்டு. நூதனசாலைகள் அஞ்சியது அவருடைய நோய்க்கன்று, புகழுக்கு. புகழற்றோரின் குரல் படத்தின் பிற்பகுதியில், 2022ஆம் ஆண்டு நீதிமன்ற விசாரணையில்தான் ஓங்கி ஒலிக்கிறது. சாக்ளர் குடும்பத்தினர் மூவர் அதனைக் கேட்டேயாகவேண்டியிருந்தது. ஒருவர் முகங்காட்டாது குரல் இணைப்பில் மாத்திரம் இருந்தார். மகனை இழந்த தாயொருத்தி, அவனைப் பிணமாகக் கண்ட அன்று தாம் அவசர உதவிக்கு அழைத்த தொலைபேசிப் பதிவை ஒலிக்கவிட்டார். திரையில் இருந்த இரு முகங்களும் அசையவில்லை.